சொந்த ஊர் மன்னிக்காத நடிகர்: ஹாலந்து, ஜெர்மனி பயணக் குறிப்புகள்

அக்டோபர் 14, செவ்வாய் – ஆமர்ஸ்ஃபோர்ட்

யாருக்காக இந்த அலைச்சல் என்று முதலிலேயே சொல்லிவிடுகிறேன். யோஹன்னஸ் ஹேஸ்டர்ஸ். 1903 டிசம்பர் 5 அன்று நெதர்லாந்தின் இந்த ஆமர்ஸ்ஃபோர்ட் ஊரில் பிறந்த நடிகர், பாடகர். 2011 டிசம்பர் 24 அன்று ஜெர்மனியின் ஸ்டார்ன்பெர்க்கில் கண்ணை மூடினார். 108 வயது. வயதைக்கூட விடுங்கள், மனிதர் 106 வயதில், கண்பார்வை ஏறக்குறைய போய்விட்ட நிலையில், பெர்லினில் மேடையேறி நடித்திருக்கிறார். நான் சபா நாடகங்களில் பத்து நிமிட வேடம் கட்டி, அதிலும் வசனம் மறந்து, பக்கத்தில் நிற்பவர் எடுத்துக்கொடுக்கும் ரகம். எனக்கு இந்த மாதிரிக் கிழவர்கள் மேல் ஒரு பித்து உண்டு. ஆம்ஸ்டெல்வேனில் அக்கா வீட்டுக்கு வந்த சாக்கில், இவர் பிறந்த ஊரிலிருந்து இறந்த ஊர் வரை ரயிலில் போய்ப் பார்த்துவிடலாம் என்று கிளம்பினேன். ஜாலியாக ஒரு தாத்தா கதை எழுதலாம் என்றுதான் நினைப்பு. அப்படி அமையவில்லை.

ஸ்டேஷனை விட்டு வெளியே வந்தால் மழை. இங்கே மழை மேலிருந்து வருவதில்லை, பக்கவாட்டில் வருகிறது. குடை இரண்டாவது தெருவிலேயே கம்பி மடங்கிப் போனது. நனைந்துகொண்டே கொப்பல்போர்ட் பார்த்தேன். ஆற்றின் மேலேயே கட்டிய பழைய கோட்டை வாசல், படகுக்கு ஒரு வழி, ஆளுக்கு ஒரு வழி. அழகான ஊர்தான், சந்தேகமில்லை. ஓவியர் மாண்ட்ரியான் 1872-ல் பிறந்த வீடு மியூசியமாக இருக்கிறது. ஹேஸ்டர்ஸ் பெயரில் ஒரு பலகையாவது கண்ணில் படுமா என்று மதியம் முழுக்கச் சுற்றினேன். படவில்லை.

ஒரு பழைய புத்தகக் கடையில் ஒதுங்கி, அங்கிருந்த அம்மாவிடம் கேட்டேன். எழுபது வயது இருக்கும். என் சட்டையிலிருந்து சொட்டும் தண்ணீரையும் கீழே அடுக்கியிருந்த புத்தகங்களையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, ஒரு துண்டை எடுத்து நீட்டினார். ஹேஸ்டர்ஸ் பெயரைச் சொன்னதும், "அவர் ஜெர்மன்காரர்" என்றார். இல்லையம்மா, இந்த ஊரில்தானே பிறந்தார் என்றேன். "பிறந்தார்" என்று மட்டும் சொல்லிவிட்டு வேறு வாடிக்கையாளரைக் கவனிக்கப் போய்விட்டார்.

அப்புறம் அவரே திரும்பி வந்து இந்த ஊர்க் கல்லின் கதையைச் சொன்னார். 1661-ல் இரண்டு பெரிய மனிதர்கள் பந்தயம் கட்டி, பீர் வாங்கித் தருகிறோம் என்று ஊர்ஜனத்தை வைத்து ஒரு பெரும் பாறையைக் காட்டுவெளியிலிருந்து ஊருக்குள் இழுத்து வரச் செய்தார்களாம். சுற்றுவட்டாரமே சிரித்தது. மானம் போகிறதே என்று ஊரே சேர்ந்து அந்தக் கல்லைக் குழிதோண்டிப் புதைத்துவிட்டது. மறுபடி தோண்டி எடுத்தது 1903-ல். இப்போது அதை வைத்துக் கொண்டாடுகிறார்கள். ஹேஸ்டர்ஸ் பிறந்த ஆண்டும் அதுதான் என்று நான் சொன்னதற்கு, அந்த அம்மா முதல் தடவையாகச் சிரித்தார்.

ராத்திரிச் சாப்பாடு பட்டாணி சூப். கரண்டியை நிறுத்தினால் நிற்கும், மேலே புகை போட்ட தொத்திறைச்சி வட்டங்கள், பக்கத்தில் கம்பு ரொட்டி. 9 யூரோ 50. குளிருக்கு அதைவிட நல்ல சாப்பாடு இந்த ஊரில் இல்லை என்பேன். சாப்பிட்டுவிட்டு டெ ஃப்ளிண்ட் அரங்கின் வாசல் வரை நடந்தேன். 2008 பிப்ரவரி 16 அன்று, 104 வயதில், ஹேஸ்டர்ஸ் இங்கே வந்து பாடினார். நெதர்லாந்து மேடையில் அவர் நின்று 44 வருடம் ஆகியிருந்தது. உள்ளே பாட்டு, வெளியே தெருவில் எதிர்ப்பு அட்டை பிடித்தவர்கள். ஏன் என்பதை நாளைக்கு எழுதுகிறேன், சாக்ஸ் காயவில்லை, ஹோட்டல் ஹீட்டர் மேல் அதைப் போட்டுவிட்டு உட்கார்ந்திருக்கிறேன், அறை முழுக்க வாசனை.

அக்டோபர் 15, புதன் – இன்னும் ஆமர்ஸ்ஃபோர்ட்

வாடகை சைக்கிள், நாளுக்கு 12 யூரோ. சீட் என் இடுப்பு உயரம். கைப்பிடியில் பிரேக் இல்லை, பெடலைப் பின்பக்கம் மிதித்தால் நிற்கும். சிக்னலில் நின்றபடி வழக்கம்போலப் பெடலைப் பின்னால் சுற்றப் பார்த்து, சுற்ற முடியாமல், அப்படியே சாய்ந்து ஒரு பள்ளிப் பையன் மேல் விழுந்தேன். அவன்தான் என்னிடம் மன்னிப்புக் கேட்டான்.

போனது ஆமர்ஸ்ஃபோர்ட் முகாமுக்கு. ஊரின் தெற்கு ஓரம், லூஸ்டன் எல்லையில், காட்டுக்குள். 1941 ஆகஸ்டிலிருந்து ஜெர்மன் எஸ்.எஸ். படை நடத்திய சிறைமுகாம். கைதிகளைக் கையாலேயே தோண்ட வைத்த சுமார் 350 மீட்டர் நீளத் துப்பாக்கிப் பயிற்சிப் பள்ளம் இன்னும் இருக்கிறது. அதன் கடைசியில் ஒரு கல் மனிதன் நிற்கிறான். அந்தப் பள்ளத்தில் கடைசி வரை நடந்தேன். இரண்டு பக்கமும் மண் மேடு, ஈரச் சருகு, எதிரே அந்த உருவம், நடக்க நடக்கப் பெரிதாகிக்கொண்டே வருகிறது.

1941 செப்டம்பரில் 101 சோவியத் போர்க்கைதிகளை இங்கே கொண்டுவந்தார்கள். மத்திய ஆசியாக்காரர்கள், பெரும்பாலும் உஸ்பெக்குகள். டச்சு மக்களுக்குக் காட்டி, பாருங்கள் இவர்கள்தான் உங்கள் எதிரிகள் என்று சொல்வதற்காக. முதல் குளிர்காலத்தைத் தாண்டாமல் 24 பேர் போய்விட்டார்கள். மிச்சம் 77 பேரை 1942 ஏப்ரலில் சுட்டுக் கொன்றார்கள். வழிகாட்டிய தன்னார்வலர் ஓய்வுபெற்ற ஆசிரியர், ஹேஸ்டர்ஸ் பற்றி நான் கேட்டபோது முகம் மாறவில்லை. "அவர் இங்கே எதுவும் செய்யவில்லை, இங்கே இல்லவே இல்லை. அவர் அப்போது பெர்லினில் பாடிக்கொண்டிருந்தார், அவ்வளவுதான்" என்றார். அந்த 'அவ்வளவுதான்' ரொம்ப நேரம் காதில் இருந்தது.

ஹேஸ்டர்ஸ் கதைச் சுருக்கம்: பதின்ம வயதிலேயே டச்சு நாடகக் குழுக்களில் சேர்ந்தார், 1924-ல் ஒரு டச்சு மௌனப் படம், 1934-ல் வியன்னாவின் ஃபோல்க்ஸ்ஓப்பரில் ஜெர்மன் மொழியில் ஓபரெட்டா என்ற இலகுவான இசைநாடகம், அடுத்து பெர்லின். 1936-லிருந்து ஊஃபா கம்பெனிப் படங்கள். ஹிட்லர் ஆட்சிக்கு வந்து மூன்று வருடம் ஆகிவிட்டது, யூதக் கலைஞர்கள் பெட்டியைக் கட்டிக்கொண்டு ஓடிக்கொண்டிருந்த நேரம் அது. காலியான இடத்துக்கு வந்து சேர்ந்தவர்களில் இவரும் ஒருவர். 1940 மே மாதம் ஜெர்மனி இவருடைய சொந்த நாட்டையே பிடித்தது. இவர் பெர்லினில்தான் இருந்தார்.

அக்டோபர் 16, வியாழன் – ஆம்ஸ்டர்டாம்

அக்கா டப்பாவில் கட்டிக்கொடுத்த புளியோதரையைப் பூங்கா பெஞ்சில் பிரித்ததும் ஒரு கடற்காகம் வந்து முன்னால் நின்றது. டப்பாவைக் காலுக்கிடையில் இடுக்கிக்கொண்டு சாப்பிட்டு முடித்தேன்.

பிளான்டாஜ் பகுதியில் ஹோலண்ட்ஸ ஸ்ஹவுபுர்க் என்று ஒரு நாடகக் கொட்டகை. முகப்பு மட்டும்தான் கொட்டகை, உள்ளே போனால் கூரையில்லாத முற்றம். ஒரு காலத்தில் நகரத்தின் பெரிய மேடைகளில் ஒன்று. ஹெயர்மன்ஸ் எழுதிய புகழ்பெற்ற மீனவர் நாடகம் 1900-ல் முதன்முதலில் அரங்கேறியது இங்கேதான். 1941-ல் ஜெர்மானியர்கள் இதை யூத நடிகர்கள், யூதப் பார்வையாளர்களுக்கு மட்டும் என்று ஆக்கினார்கள். மறு வருடம் நாடகமும் நின்றது. ஆம்ஸ்டர்டாம் யூதர்களைக் கூட்டிவந்து அடைத்து, ரயிலேற்றும் வரை வைத்திருக்கும் இடமாக மாற்றினார்கள். நாற்காலிகளைத் தூக்கிவிட்டு, அதே தரையில் குடும்பம் குடும்பமாக.

எதிர்ச்சாரியில் குழந்தைக் காப்பகம் இருந்தது. கைதானவர்களின் குழந்தைகளை அங்கே வைத்தார்கள். நடுவே டிராம் பாதை. டிராம் வந்து நிற்கும் நொடியில் காவலாளியின் கண் மறைந்துவிடும், அந்த நொடியில் காப்பகத்தார் குழந்தையைத் தூக்கிக்கொண்டு டிராமோடு நடந்துவிடுவார்கள். இப்படியும் வேறு வழிகளிலும் சுமார் 600 குழந்தைகள் தப்பினார்கள். அந்தப் பாதையில் இன்றைக்கும் டிராம் போகிறது. நான் வாசலில் நின்று ஒரு டிராம் வந்து நின்று போகும் வரை பார்த்தேன். எண்ணிப் பார்த்தால் அரை நிமிடம்கூட இல்லை.

இதையெல்லாம் பார்த்த பிறகு ஆமர்ஸ்ஃபோர்ட் புத்தகக்கடை அம்மாவின் முகம் கொஞ்சம் புரிந்தது. நெதர்லாந்தில் இருந்த நடிகர்களுக்கு 1942-ல் ஒரு சோதனை வந்தது. குல்ட்டூர்காமர் என்ற நாஜிக் கலைஞர் சங்கத்தில் பெயர் கொடுத்தால்தான் மேடை. மாட்டேன் என்றவர்கள் வேலையை இழந்தார்கள், சிலர் திருட்டுத்தனமாக வீடுகளில் நடித்துக்காட்டி வயிற்றைக் கழுவினார்கள். யூத நடிகர்களுக்குப் பெயர் கொடுக்கும் வாய்ப்பே கிடையாது. போர் முடிந்ததும் இவர்கள் நடுவில், பெர்லினில் கோட்டும் தொப்பியுமாகப் பாடிய மனிதர் திரும்பி வந்தால் யார் கைதட்டுவார்கள்? 1964-ல் வந்தார். 'சவுண்ட் ஆஃப் மியூசிக்' நாடகத்தில் கேப்டன் ஃபோன் டிராப் வேடம். நாஜிகளுக்குப் பணியாமல் குடும்பத்தோடு நாட்டைவிட்டே போகும் பாத்திரம்! யார் யோசனையோ தெரியவில்லை. ஆம்ஸ்டர்டாம் பார்வையாளர்கள் கூச்சல் போட்டு அனுப்பினார்கள்.

போதாக்குறைக்கு 2008 டிசம்பரில், 105 வயதில், டச்சு டிவியில் ஹிட்லரைப் பற்றிக் கேட்டார்கள். நல்ல ஆள் என்கிற மாதிரிச் சொல்லிவைத்தார். பக்கத்திலிருந்த மனைவி பதறிப்போய்த் திருத்தப் பார்த்தார். என்னிடம் நல்லபடியாகத்தான் நடந்துகொண்டார் என்றார் ஹேஸ்டர்ஸ் மறுபடியும். வயதான மூளை என்று ஜெர்மன்காரர்கள் விட்டுவிட்டார்கள். டச்சுக்காரர்கள் விடவில்லை.

அக்டோபர் 17, வெள்ளி – ரயில்

பெர்லின் ரயில் ஆமர்ஸ்ஃபோர்ட் வழியாகத்தான் போகிறது, இந்தக் கதைக்குத் தோதாக. எல்லை தாண்டியதும் பாட் பென்ட்ஹைமில் போலீஸ் ஏறியது. எங்கள் பெட்டியில் பாஸ்போர்ட் கேட்டது என்னிடமும் ஒரு சோமாலியப் பையனிடமும் மட்டும். மரியாதையாகத்தான் கேட்டார்கள், இருந்தாலும் சுருக்கென்றது.

ஹனோவருக்கு முன்னால் வயலுக்கு நடுவில் வண்டி நின்றுவிட்டது. சிக்னல் கோளாறு என்றார்கள். ஒன்றரை மணி நேரம். சாப்பாட்டுப் பெட்டியில் காபி இயந்திரமும் மக்கர். எதிரே ஒரு ஜெர்மன் தம்பதி, எண்பது வயதைத் தொட்டவர்கள், ஆப்பிளை மெல்லிய துண்டுகளாக நறுக்கி எனக்கும் கொடுத்தார்கள். எங்கே போகிறாய் என்று கேட்டதும் போனில் ஹேஸ்டர்ஸ் பாட்டு ஒன்றைப் போட்டுக்காட்டினேன். அந்தப் பாட்டியம்மா முதல் அடியிலேயே கூடப் பாட ஆரம்பித்துவிட்டார். என் அம்மா மாவு பிசையும்போது பாடுவாள் என்றார். டச்சு உச்சரிப்பு மாறவே மாறாத ஜெர்மனாம் ஹேஸ்டர்ஸுடையது, அதுதான் கவர்ச்சியே என்று கணவரைப் பார்த்துக் கண்ணடித்தார். தாத்தா ஜன்னல் பக்கம் திரும்பி, நின்ற இடத்திலேயே நிற்கும் வயலை அக்கறையாகப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அவர்களுக்கு நான் சொன்ன கதை ஒன்று, அவர்களுக்கே தெரியாதது. 1953-ல் இயக்குநர் ஓட்டோ பிரெமிங்கர் 'தி மூன் இஸ் ப்ளூ' என்ற படத்தை ஆங்கிலத்திலும் ஜெர்மனிலும் ஒரே சமயத்தில், ஒரே செட்டில் எடுத்தார். ஆங்கில நடிகர்கள் ஒரு காட்சியை முடித்து நகர்ந்ததும் ஜெர்மன் நடிகர்கள் வந்து அதையே நடிப்பார்கள். ஆங்கிலத்தில் டேவிட் நிவன் செய்த வேடம் ஜெர்மனில் ஹேஸ்டர்ஸுக்கு. பிரெமிங்கர் யார் என்றால், ஆஸ்திரியாவிலிருந்து அமெரிக்கா போன யூதர். ஒரே ஹாலிவுட் தளத்தில் இந்த இரண்டு பேரும் மதிய இடைவேளையில் என்ன பேசியிருப்பார்கள் என்று யோசித்தால் எனக்கே ஒரு நாடகம் எழுதத் தோன்றுகிறது.

அக்டோபர் 18, சனி – பெர்லின்

8 டிகிரி. டோனர் கெபாப் கடையில் 7 யூரோ 50. வரிசையில் எனக்கு முன்னால் நின்றவர், போன வருடம் என்ன விலை, அதற்கு முந்தைய வருடம் என்ன விலை என்று கடைக்காரரிடம் ஒப்பித்துவிட்டு, சலிக்காமல் இரண்டு வாங்கிப் போனார். சாஸ் வழிந்து கோட் கை முழுக்க.

ஃப்ரீட்ரிக்ஷ்டிராஸ ஸ்டேஷன் பக்கத்தில் அட்மிரால்ஸ்பலாஸ்ட். 1910 வாக்கில் பனிச்சறுக்கு மைதானமும் குளியல் கூடமுமாகத் தொடங்கி, பிறகு தியேட்டராக மாறிய இடம். ஹேஸ்டர்ஸ் இங்கே இசையமைப்பாளர் லெஹாரின் 'மெர்ரி விடோ' ஓபரெட்டாவில் டானிலோ பிரபுவாக வந்து கூட்டத்தைக் கட்டிப்போட்டார். அந்த வேடத்தை வாழ்நாளில் ஆயிரத்துக்கும் மேல் தடவை செய்திருக்கிறார். முழு உடுப்பு, வெள்ளை மஃப்ளர், பட்டுத் தொப்பி. போர் முடிந்த மறுவருடம் இதே கட்டடத்தில்தான் கம்யூனிஸ்டுகளும் சோஷலிஸ்டுகளும் இணைந்து கிழக்கு ஜெர்மனியை ஆளப்போகும் கட்சியைத் தொடங்கினார்கள். தியேட்டர்களுக்குச் சொரணை கிடையாது, யார் வந்தாலும் விளக்குப் போடும்.

ஆற்றைத் தாண்டினால் பெர்லினர் ஆன்சாம்பிள் தியேட்டர். 106 வயதில் ஹேஸ்டர்ஸ் நடித்தது இங்கே, ரோல்ஃப் ஹோக்ஹுத் நாடகம். இந்த ஹோக்ஹுத் யார் என்றால், யூதப் படுகொலையின்போது போப் வாய் திறக்கவில்லை என்று நாடகம் எழுதி உலகத்தையே உலுக்கியவர். அவர் ஹேஸ்டர்ஸுக்கு வேடம் கொடுத்திருக்கிறார். எனக்குத் தலை சுற்றியது. ஒரு பக்கம் சொந்த ஊர்க்காரர்கள் தெருவில் நிற்கிறார்கள், இன்னொரு பக்கம் ஹோக்ஹுத்தே கூப்பிட்டு மேடை தருகிறார்.

அக்டோபர் 19, ஞாயிறு – மூனிக்

பயணம், தூக்கம், முதுகுவலி. சாயங்காலம் கெர்ட்னர்பிளாட்ஸ் சதுக்கம் போய் தியேட்டரைப் பார்த்தேன், வட்டமான பூந்தோட்டத்துக்கு எதிரே வெண்மையாக நிற்கிறது. 1938 டிசம்பர் 31 அன்று ஹேஸ்டர்ஸ் முதல்முறை டானிலோவானது இங்கே. ஹிட்லருக்குப் பிடித்த ஓபரெட்டா இது, இங்கே வந்தும் பார்த்திருக்கிறார். வேடிக்கை என்னவென்றால் அதன் வசனம் எழுதிய இரண்டு பேருமே யூதர்கள், லெஹாரின் மனைவியும் யூதர். பாட்டு பிடித்ததால் லெஹாரின் வீட்டை விட்டுவைத்தார்கள்.

பிரெட்ஸல் 1 யூரோ 40, உப்பைத் தட்டிவிட்டுத்தான் தின்ன முடிந்தது.

அக்டோபர் 20, திங்கள் – டக்காவ்

எஸ்-2 ரயிலில் டக்காவ், அங்கிருந்து 726 பஸ். பஸ்ஸில் பள்ளிப் பிள்ளைகள் சிரித்துக்கொண்டு வந்தார்கள், வாசலில் இறங்கியதும் ஆசிரியர் ஒரு வார்த்தை சொல்லவில்லை, தானாகவே அடங்கினார்கள். உள்ளே போகக் கட்டணமில்லை.

1933 மார்ச் 22 அன்று திறந்த முகாம், நாஜிகளின் முதல் பெரிய முகாம்களில் ஒன்று. 1945 ஏப்ரல் 29 வரை இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை அடைத்தார்கள், குறைந்தது 41,500 பேர் இறந்தார்கள். 'உழைப்பு விடுதலை தரும்' என்று எழுதிய இரும்புக் கதவை 2014-ல் யாரோ திருடிக்கொண்டு போய், இரண்டு வருடம் கழித்து அது நார்வேயில் கிடைத்தது. இப்போது வாசலில் இருப்பது நகல், அசல் உள்ளே காட்சியில். கைதிகளை வரிசையில் நிறுத்தும் மைதானத்தில் காற்று ஆளைத் தள்ளியது. கொட்டடிகளில் இரண்டைத்தான் திரும்பக் கட்டியிருக்கிறார்கள், மற்றவை வெறும் அஸ்திவாரக் கோடுகள், வரிசையாக, எண் போட்டு.

1941 மே 21 அன்று கெர்ட்னர்பிளாட்ஸ் தியேட்டர் குழு இங்கே வந்தது. ஹேஸ்டர்ஸும் வந்தார். எஸ்.எஸ். ஆட்கள் முகாமைச் சுற்றிக்காட்டினார்கள், போட்டோ எடுத்து ஆல்பமாகவும் கொடுத்தார்கள். போனேன், ஆனால் பாடவில்லை என்று கடைசி வரை சொன்னார் ஹேஸ்டர்ஸ். பாடினார் என்று எழுதினார் ஃபோல்கர் கூன் என்ற ஆய்வாளர். அங்கே கைதியாக இருந்த விக்டர் மாட்டெய்கா, பின்னாளில் வியன்னா நகரசபையில் கலாசாரப் பொறுப்பு வகித்தவர், திரையை இழுத்ததே நான்தான் என்று கூனிடம் சொல்லியிருந்தார். ஹேஸ்டர்ஸ் வழக்குப் போட்டார். 2008 டிசம்பரில் பெர்லின் நீதிமன்றம் வழக்கைத் தள்ளியது, இத்தனை காலத்துக்குப் பிறகு உண்மையை நிலைநாட்ட வழியில்லை என்ற நிலையில்.

மைதானத்தில் நிற்கும்போது அந்தப் பாடினார், பாடவில்லை விவகாரம் எனக்குச் சின்னதாகிவிட்டது. ஏனென்றால் கண்காட்சி அறையில் பார்த்த இன்னொரு மேடைக்காரர் பெயர் நினைவுக்கு வந்தது. ஃபிரிட்ஸ் குரூன்பாம். வியன்னாவின் நகைச்சுவை மன்னன், ஓபரெட்டாக்களுக்கு வசனமும் எழுதியவர், யூதர். 1938-ல் ஆஸ்திரியாவை ஜெர்மனி விழுங்கியதும் பிடித்து, டக்காவ், புக்கன்வால்ட், மறுபடி டக்காவ் என்று அலைக்கழித்தார்கள். 1940 வருடக் கடைசி இரவில், உடம்பில் ஒன்றுமில்லாத நிலையில், சக கைதிகளுக்காக எழுந்து நடித்துக்காட்டினார். 1941 ஜனவரி 14 அன்று இதே முகாமில் இறந்தார். கெர்ட்னர்பிளாட்ஸ் குழு வந்து இறங்கியது அதற்கு நாலு மாதம் கழித்து.

லெஹாருக்கே பாட்டெழுதிய ஃபிரிட்ஸ் லோனர்-பேடாவையும் வியன்னாவிலிருந்து முதலில் கொண்டுவந்தது இங்கேதான். அவர் 1942 டிசம்பரில் ஆஷ்விட்ஸ் முகாமில் செத்தார். லெஹார் என்ன செய்தார் என்று கேட்காதீர்கள்.

ஹேஸ்டர்ஸ் யாரையும் காட்டிக்கொடுக்கவில்லை, யாரையும் அடிக்கவில்லை. பின்னாளில் அந்த முகாமுக்குப் போனதற்கு வருத்தம் தெரிவித்தார் என்பதும் உண்மை. என்னால் தாண்ட முடியாத இடம் வேறு. அவர் தொழில் செய்த அதே பாட்டு, அதே ரக வசனம், அதே தொப்பி வைத்த உலகத்தைச் சேர்ந்தவர்கள் இங்கே கோடுபோட்ட உடுப்பில் இருந்தார்கள். மேடைக்காரனுக்கு மேடைக்காரன் முகம் தெரியும். அன்றைக்கு அவர் எந்தப் பக்கம் பார்த்துக்கொண்டு நடந்தார் என்று யோசித்தபடி அஸ்திவாரக் கோடுகளுக்கு நடுவில் கால் வலிக்கும் வரை நடந்தேன்.

பார்வையாளர் மையக் கேன்டீனில் உருளைக்கிழங்கு சூப். பசித்தது, சாப்பிட்டேன், ருசி தெரியவில்லை.

அக்டோபர் 21, செவ்வாய் – கல்லறையும் ஏரியும்

வெயில்! தெற்கிலிருந்து சூடான காற்று, ஆல்ப்ஸ் மலை பக்கத்துத் தெருவில் இருப்பதுபோல் தெரிகிறது, தலைவலியும் கூடவே. இந்தக் காற்றுக்கு எல்லோருக்குமே தலைவலி வரும் என்றார் மருந்துக்கடைக்காரர், விற்பனைக்காகச் சொன்னாரோ என்னவோ, மாத்திரை 6 யூரோ.

மூனிக் வடக்குக் கல்லறைத் தோட்டத்தில் ஹேஸ்டர்ஸ் புதைக்கப்பட்டிருக்கிறார். தண்ணீர்ப் பூவாளியோடு வந்த ஒரு பாட்டியிடம் வழி கேட்டேன். கூடவே வந்து காட்டினார். "நூறாவது பிறந்த நாளுக்கு டிவியில் பார்த்து அழுதேன்" என்றார். டச்சுக்காரர்கள் இன்னும் கோபமாக இருக்கிறார்களே என்றேன். "அவர்களுக்குக் கோபப்பட உரிமை இருக்கிறது. எனக்கு அழவும் உரிமை இருக்கிறது" என்று சொல்லிவிட்டு, மிச்சமிருந்த தண்ணீரை அந்தச் செடிக்கும் ஊற்றினார்.

மதியம் ஸ்டார்ன்பெர்க். எஸ்-6 ரயில் நேரே ஏரிக்கரையில் கொண்டுபோய் விடுகிறது, பிளாட்பாரத்திலிருந்தே தண்ணீர் தெரியும். ஏரி மீன் வறுவல் 19 யூரோ, கையைக் கடித்தது, ஆனால் முள் எடுத்துத் தந்தார்கள். பரிமாறிய பெண்ணுக்கு இருபது வயது இருக்கும். ஹேஸ்டர்ஸ் பெயரையே கேள்விப்பட்டதில்லை என்றாள். இந்த ஏரியில் மூழ்கிச் செத்த லூட்விக் ராஜாவைப் பற்றி வேண்டுமானால் சொல்கிறேன் என்றாள், 1886-ல் நடந்தது, அது கொலைதான் என்பதில் அவளுக்குச் சந்தேகமே இல்லை.

திரும்பும் வழியில் ஒரு பழைய சாமான் கடையில் ஹேஸ்டர்ஸ் எல்.பி. தட்டு, 4 யூரோ. அட்டை ஓரம் எலி கடித்திருந்தது. வாங்கிவிட்டேன்.

அக்டோபர் 23, வியாழன் – ஆம்ஸ்டெல்வேன்

தட்டை வாங்கியாயிற்று, போட பிளேயர் இல்லை. "டேய், இதைக் காசு கொடுத்து வேற வாங்கினியா" என்று அக்கா தலையில் அடித்துக்கொண்டாள். அத்தான்தான் பக்கத்து வீட்டுத் தாத்தாவிடம் இருக்கும் என்று கூட்டிப்போனார். டச்சுக்காரர், நாய் வளர்க்கிறார், பேச்சு கம்மி. அட்டையைக் கையில் வாங்கி, கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிப் பார்த்தார். ஒன்றும் சொல்லாமல் பிளேயரைத் தூக்கிவந்து அக்கா வீட்டு மேஜையில் வைத்து, ஒயரை மாட்டி, ஊசியை எப்படி இறக்க வேண்டும் என்று காட்டிக்கொடுத்தார். "ஒரு பக்கத்துக்கு இருபது நிமிஷம். நான் நாயைக் கூட்டிக்கொண்டு நடந்துவிட்டு வருகிறேன்" என்று கிளம்பிவிட்டார்.

நாங்கள் மூன்று பேரும் உட்கார்ந்து கேட்டோம். குரல் வழவழப்பாக, கொஞ்சமும் மெனக்கெடாமல், பக்கத்தில் உட்கார்ந்து பேசுகிற மாதிரி இருந்தது. அக்கா ஒரு பாட்டு முடிந்ததும் அடுக்களைக்குப் போய் வடை போட ஆரம்பித்தாள், ஆனால் இரண்டாவது பாட்டுக்கு அங்கிருந்தே தாளம் தட்டினாள்.

இருபது நிமிடம் கழித்துச் சரியாகக் கதவு தட்டப்பட்டது. தாத்தா உள்ளே வந்து, முதலில் ஊசியை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார், நான் எதையாவது கெடுத்துவிட்டேனா என்று. கெடுக்கவில்லை. வடையை எடுத்துக்கொண்டார். "என் அம்மாவிடம் இதே தட்டு இருந்தது. அப்பா வேலைக்குப் போன பிறகுதான் போடுவாள்" என்றார். அப்பா போரில் என்ன செய்தார் என்று அத்தான் கேட்டார். ரயில்வேயில் இருந்தார், ஜெர்மானியர்களுக்கு எதிரான 1944 ரயில்வே வேலைநிறுத்தத்தில் தலைமறைவானவர் என்றார். அப்புறம் வடையில் என்ன பருப்பு என்று அக்காவிடம் விசாரித்துவிட்டு, நாய்க்கு உளுந்து ஆகுமா என்று கேட்டார். ஆகாது என்று நாங்கள் சொல்வதற்குள் நாய் தின்றுவிட்டது.